கலெக்டர் தீர்ப்புக்குப் பிறகும் வழி உண்டு
(ரோட்டுக்கு நிலம் கொடுத்தவர்கள் தெரிந்துகொள்ள வேண்டியவை)



"நாலுவழிச் சாலைக்கு நிலத்தை எடுத்துக்கிட்டாங்க. கொடுத்த தொகை பத்தலைன்னு கலெக்டர்கிட்ட மனு போட்டோம். அவரும் ஏத்தித் தரலை. இனி என்ன செய்ய?" என்று நம் கூட்டங்களில் கேட்கிறார்கள். இதற்கு மேலும் வழி உண்டு. ஆனால் சில மாதங்களில் அந்தக் கதவு மூடிவிடும்.

கலெக்டர் எதற்கு?

1956-ஆம் வருட தேசிய நெடுஞ்சாலைச் சட்டப்படி, நிலம் எடுப்பு அதிகாரிதான் முதலில் நஷ்டஈட்டை நிர்ணயிப்பார். அதில் சம்மதம் இல்லை என்றால் 3ஜி(5) பிரிவின்படி நடுவரிடம் மனு கொடுக்கலாம். நடுவரை நியமிப்பது மத்திய அரசு. நம் மாநிலத்தில் பெரும்பாலும் மாவட்ட ஆட்சியரே நடுவர். ஆகவே இது திங்கட்கிழமை குறைதீர்க்கும் நாளில் கொடுக்கிற மனு மாதிரி இல்லை. இது ஒரு வழக்கு. அவர் கொடுக்கும் உத்தரவுக்கு நடுவர் தீர்ப்பு என்று பெயர். 'அவார்டு' என்று சொல்வார்கள்.

ஆதாரங்களை இங்கேயே கொடுங்கள்

பின்னால் கோர்ட்டில் பார்த்துக்கலாம் என்று விட்டுவிடக் கூடாது. கீழே உள்ளவற்றை நடுவரிடமே எழுத்தில் கொடுத்து, நகலில் ரசீது முத்திரை வாங்குங்கள்:

• முதல் அறிவிப்பு (3ஏ) வெளியான தேதிக்கு முன், அக்கம்பக்கத்தில் நல்ல விலைக்குப் போன நிலத்தின் கிரையப் பத்திர நகல்
• கிணறு, போர், மரம், வீடு இவற்றின் விவரம், போட்டோ
• நிலம் துண்டானதால் மீதி நிலத்துக்கு வந்த நஷ்டம்
• குடியிருப்போ கடையோ மாற்ற ஆன செலவு

மதிப்புக்கு இணையான 100 சதவீத ஆறுதல் தொகை கணக்கில் சேர்ந்திருக்கிறதா என்றும் பாருங்கள். 2015-க்கு முன் எடுத்த நிலங்களுக்கும் ஆறுதல் தொகையும் வட்டியும் உண்டு என்று 2019-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது.

மூன்று மாதம்: இதை மறக்காதீங்க

நடுவர் தீர்ப்பை எதிர்த்து மாவட்ட நீதிமன்றத்தில் மனு போடலாம். இது 1996-ஆம் வருட நடுவர் சட்டத்தின் 34-ஆவது பிரிவு. கையெழுத்திட்ட தீர்ப்பு நகல் நம் கைக்கு வந்த நாளிலிருந்து மூன்று மாதம் அவகாசம். சரியான காரணம் காட்டினால் இன்னும் 30 நாள் கிடைக்கும். அதற்கு மேல் ஒரு நாள்கூட கிடையாது.

மார்ச் 10-ஆம் தேதி நகல் வந்தது என்று வைத்துக்கொள்வோம். ஜூன் 10-க்குள் மனு போட வேண்டும். காரணம் இருந்தால் ஜூலை 10 வரை. அதோடு சரி. எனவே நகல் வந்த தேதியை அதன் மேலேயே எழுதி வையுங்கள். தபாலில் வந்தால் கவரைத் தூக்கிப் போடாதீர்கள். கூட்டல், பெருக்கலில் மட்டும் தவறு இருந்தால், 30 நாளுக்குள் நடுவரிடமே திருத்தச் சொல்லிக் கேட்கலாம்.

கோர்ட் என்ன செய்யும்?

இதில் பலரும் ஏமாந்துபோகிறார்கள். நிலத்துக்கு என்ன விலை என்று கோர்ட் முதலிலிருந்து மறுபடி கணக்குப் போடாது. நோட்டீஸ் தராமல், நம் பக்கம் கேட்காமல் தீர்ப்பு சொன்னார்களா, சட்டத்துக்கு வெளிப்படையாக விரோதமாக இருக்கிறதா என்றுதான் பார்க்கும். அப்படி இருந்தால் தீர்ப்பை ரத்து செய்யும்.

நம் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில், சதுர மீட்டருக்கு 46.55 ரூபாய் முதல் 83.15 ரூபாய் வரைதான் கொடுத்திருந்தார்கள். சென்டுக்கு ஏறக்குறைய 1,900 முதல் 3,400 ரூபாய். மாவட்ட நீதிமன்றம் அதைச் சதுர மீட்டருக்கு 645 ரூபாயாக, அதாவது சென்டுக்குச் சுமார் 26,000 ரூபாயாக உயர்த்தியது. ஹக்கீம் வழக்கு எனப்படும் இதில் 2021-ல் உச்ச நீதிமன்றம், 34-ஆவது பிரிவின்கீழ் கோர்ட் தொகையை மாற்றி எழுத முடியாது என்றது. ஆனாலும் அந்த விவசாயிகளுக்குக் கிடைத்த உயர்வில் கை வைக்கவில்லை. 2025 ஏப்ரலில் ஐந்து நீதிபதிகள் அமர்வு, கணக்குப் பிழை, வட்டி போன்ற சிலவற்றை மட்டும் கோர்ட் திருத்தலாம் என்றது. நடுவரிடமே ஆதாரத்தைக் கொடுங்கள் என்று நாம் வலியுறுத்துவது இதனால்தான்.

மாவட்ட நீதிமன்றத்திலும் நியாயம் கிடைக்கவில்லை என்றால், 37-ஆவது பிரிவின்படி உயர் நீதிமன்றத்துக்குப் போகலாம்.

வக்கீல் செலவுக்கு என்ன செய்வது?

இதற்காக வட்டிக்கு வாங்க வேண்டாம். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவு இருந்தாலும், இலவச வக்கீல் கேட்க உரிமை உண்டு. மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் உள்ள சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுங்கள். 15100 என்ற எண்ணுக்கும் போன் செய்யலாம்.

ஒன்று கவனியுங்கள். மாநில நெடுஞ்சாலை, தொழிற்பேட்டை போன்றவற்றுக்கு நிலம் எடுப்பது வேறு சட்டங்களில். அங்கே வழியும் கெடுவும் வேறு. நோட்டீஸில் எந்தச் சட்டம் என்று முதலில் படியுங்கள்.

அடுத்த கூட்டத்தில் இதை வாசித்துக் காட்டுங்கள். நிலம் கொடுத்த உறுப்பினர் யாராவது இருந்தால், தீர்ப்பு நகல் எந்தத் தேதியில் வந்தது என்று கேளுங்கள். மூன்று மாதம் தாண்டவில்லை என்றால் மறுநாளே அவரைக் கூட்டிக்கொண்டு இருவராகப் போய் வாருங்கள்.