உங்களுக்குத் தெரியுமா? மிளகைத் தேடியவருக்குக் கிடைத்த மிளகாய்

பேளுக்குறிச்சி சந்தையில் கொல்லிமலை மிளகும் வரமிளகாயும் பக்கத்துப் பக்கத்து மூட்டைகளில் இருக்கும். மிளகையும் பொன்னையும் தேடிக் கப்பலேறிய கொலம்பஸ், கரீபியன் தீவில் கண்டது மிளகாயை!

• இடம்: ஹிஸ்பானியோலா. இன்றைய ஹெயிட்டியும் டொமினிக்கன் குடியரசும். மண்ணின் மக்களான தைனோக்கள் மிளகாயை ‘அஹி’ என்றார்கள். மிளகைவிட இது உயர்ந்தது என்று 1493 ஜனவரியில் குறித்துவைத்தார் கொலம்பஸ்.

• தைனோக்களின் அன்றாட உணவு மரவள்ளி ரொட்டி. கிழங்கைத் துருவி, நீண்ட பின்னல் குழாயில் அடைத்துப் பிழிவார்கள். நச்சுச் சாறு வடிந்ததும் மண் தட்டில் சுடுவார்கள். நாமக்கல், சேலம் ஜவ்வரிசியும் மரவள்ளிதான்.

• கொலம்பஸைத் தொடர்ந்து வந்த ஸ்பானியர்கள் தைனோக்களைத் தங்கச் சுரங்கங்களில் வதைத்தார்கள். 1514 கணக்கெடுப்பில் எஞ்சியவர்கள் சுமார் 26,000 பேர். நான்கே ஆண்டுகளில் பெரியம்மையும் வந்து சேர்ந்தது.