ஜன்னல் வெளிச்சம்

படம் பார்த்துத் திரும்புகிறவர்கள் நடிகரைப் புகழ்வார்கள். காமிராவின் பின்னே நின்றவரை நினைப்பவர் அரியர். அவ்விதம் நினைக்கத் தகுந்தவர், மட்டக்களப்பை அடுத்த அமிர்தகழியில் 1939-ல் பிறந்த பாலு மகேந்திரா. பூனா திரைப்படக் கல்லூரியில் பயின்று, 1974-ல் வெளியான ‘நெல்லு’ என்னும் மலையாளப் படத்தால் அறிமுகமானார்.

முசிறியில் காவிரிக்கரையில் மாலையில் நின்றவர் அறிவர்: சாயும் வெயில் மணலுக்கு ஒரு நிறமும் மனித முகத்துக்கு வேறு நிறமும் தருகிறது. ஸ்டூடியோ விளக்குகளை அள்ளிக் கொட்டினால் இந்த வேற்றுமை மறைந்துவிடும். ஆகையால் அவர் இயற்கை ஒளியையே பெரிதும் நம்பினார். முகத்தில் பாதி நிழலில் கிடந்தால், கிடக்கட்டும் என்று விட்டார். ‘முள்ளும் மலரும்’ (1978) இதற்குச் சான்று. நீலகிரிப் பனியில் தாமே இயக்கிப் படம்பிடித்த ‘மூன்றாம் பிறை’ (1982) ஒளிப்பதிவுக்கான தேசிய விருதைப் பெற்றது.

2014-ல் அவர் மறைந்தார். இனிப் படத்தில் ஒரு ஜன்னலைக் கண்டால், வெளிச்சம் எங்கிருந்து வருகிறதென்று நேயர்கள் சற்றே கவனிப்பார்களாக.