மட்டக்களப்புப் பறங்கியரும் அவர்தம் வீட்டுமொழியும்

ஏறாவூரிலிருந்து பெருந்தெரு வழியே தெற்கு நோக்கிச் செல்வோர் விரைவில் மட்டக்களப்பு நகரை அடைவர். வழிநெடுகச் செவியில் விழுவது தமிழே. தமிழரும் முஸ்லிம்களும் அதனையே பேசுவர். எனினும், நகரின் அயலிலுள்ள பனிச்சையடி முதலிய இடங்களில் வாழும் பறங்கியரின் வீடுகளில், முதியோர் நாவில் வேறொரு மொழி வழங்குகின்றது. அதுவே இலங்கைப் போர்த்துக்கீசக் கலப்புமொழி.

போர்த்துக்கீசர் 1628ஆம் ஆண்டிற் புளியந்தீவிற் கோட்டை அமைத்தனர். பத்தாண்டுகள் கழிந்து, 1638இல், அது ஒல்லாந்தர் கைப்பட்டது. ஆட்சி மாறியும் மொழி மாறவில்லை. ஒல்லாந்தர் இந்நாட்டில் மணந்த மகளிர் பலர் இம்மொழி பேசியோராதலின், அவர்தம் மக்களுக்கும் அதுவே தாய்மொழியாயிற்று. ஆங்கிலேயர் காலத்தில் இது நூல்வழக்கும் பெற்றது. வெஸ்லியன் சபைக் குருவாகிய வில்லியம் பக்லி பொக்ஸ் 1819இல் இதற்குச் சிங்கள, ஆங்கிலப் பொருளுடன் ஓர் அகராதி வெளியிட்டார். பின்னர்க் கொழும்புப் பறங்கியர் உத்தியோகம் நாடி ஆங்கிலத்தைத் தழுவினர். தச்சு, கொல்லு முதலிய கைத்தொழில்களால் வாழ்ந்த மட்டக்களப்புப் பறங்கியரோ பழைய மொழியை விட்டிலர்.

இதனைச் சிதைந்த போர்த்துக்கீசம் என இகழ்வோர் உளர். அவர் கூற்று ஆராய்ச்சிக்குப் பொருந்தாது. 1970களில் இதனை ஆய்ந்த மொழியியலறிஞர் இயன் சிமித், இதன் இலக்கணம் பெரிதும் தமிழை ஒத்தமைந்திருத்தலை விளக்கினார். போர்த்துக்கீசத்தில் வினைச்சொல் வாக்கியத்தின் இடையில் நிற்கும். இங்கோ தமிழிற்போல ஈற்றில் நிற்கும். ‘மரியாவின் வீடு’ என்பதைப் போர்த்துக்கீசர் ‘காசா த மரியா’ என வீட்டை முன்னிறுத்திச் சொல்வர். மட்டக்களப்பிலோ அது ‘மரியாசு காசா’ ஆகும். ‘சு’ என்பது நம் வேற்றுமை உருபுபோலப் பெயரின் பின்னே ஒட்டுகின்றது. ‘எனக்கு’ என நாம் நான்காம் வேற்றுமையிற் கூறுவதற்கு ‘பரீம்’ என்ற சொல் உண்டு. சொற்கள் மேற்றிசையின, அவற்றைக் கோத்த நூல் நம் நாட்டது.

கடன் ஒருபக்கத்ததன்று. நாம் நாளும் வழங்கும் மேசை, கதிரை, அலுமாரி, சன்னல், சாவி, குசினி, சப்பாத்து, பாண் ஆகியன போர்த்துக்கீசம் தந்தவையே. நாம் சொற்களைப் பெற்றோம்; அம்மொழி நம்மிடமிருந்து வாக்கிய அமைப்பைப் பெற்றது.

இன்று இம்மொழியின் நிலை இரங்கத்தக்கது. பிள்ளைகள் கற்பது தமிழிலும் ஆங்கிலத்திலும்; பலர் புலம்பெயர்ந்தனர். 2004ஆம் ஆண்டு டிசம்பர் 26இல் எழுந்த கடற்கோள், கடலோரத்து டச்பாரிற் செறிந்து வாழ்ந்த பறங்கியர் பலரின் உயிரைக் கவர்ந்தது. மாண்டவருடன் அவர் அறிந்த பாட்டும் கதையும் மாண்டன. அண்மையில் லிஸ்பன் பல்கலைக்கழகத்து ஹியூகோ கார்டோசோவும் துணைவரும் எஞ்சிய பேச்சையும் பாடலையும் ஒலிப்பதிவு செய்தனர். திருமணங்களில் வயலினிசையுடன் ஆடப்படும் ‘கவ்ரிஞ்ஞா’ ஆட்டமும் அவற்றொடு சேர்ந்த செல்வமே.

ஒலிப்பதிவு ஒரு மொழியைக் காட்டிவைக்குமேயன்றி வாழவைக்காது. தாய் தன் மகவை அழைக்கும் சொல்லாக இருக்கும்வரையே மொழி உயிர்வாழும். அச்சொல் பறங்கியர் இல்லத்தில் ஓயுமாயின், இழப்பு அவர்க்கு மட்டுமன்று. நானூறாண்டு அயல்வாழ்வில் தமிழ் ஈன்ற ஓர் உறவுமொழியை நாமும் இழந்தோராவோம்.