புரோநோட்டு வழக்கு: பத்து நாட்களில் கேட்க வேண்டிய அனுமதி

கோர்ட்டிலிருந்து சம்மன் வந்தால் கையெழுத்துப் போட்டு வாங்கி அலமாரியில் வைத்துவிட்டு, 'வாய்தா வரட்டும், பார்த்துக்கொள்ளலாம்' என்று இருப்பவர்கள் நம்மில் ஏராளம். சாதாரண உரிமையியல் வழக்கில் பதிலுரை தாக்கல் செய்ய 30 நாட்கள் உண்டு. அதையும் நீட்டித்துக் கேட்கலாம். ஆனால் வந்திருப்பது உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 37ஆம் கட்டளைப்படி தொடரப்பட்ட சுருக்க வழக்காக இருந்தால் கணக்கே வேறு.

புரோநோட்டு, செக், உண்டியல், எழுத்து ஒப்பந்தப்படி வரவேண்டிய குறிப்பிட்ட தொகை ஆகியவற்றுக்காக இந்த வழக்கு தொடரப்படுகிறது. மச்சானுக்காக ஜாமீன் கையெழுத்துப் போட்டவர் மீதும் தொடரலாம். இதில் பிரதிவாதிக்கு வழக்காடும் உரிமை தானாகக் கிடைப்பதில்லை, அனுமதி கேட்டுப் பெற வேண்டும்.

முதல் சம்மன் கிடைத்த 10 நாட்களுக்குள், நேரிலோ வக்கீல் மூலமோ முன்னிலையாகி, அறிவிப்புகள் வந்துசேர வேண்டிய முகவரியைக் கொடுக்க வேண்டும். கொடுக்காவிட்டால் வாதி சொன்னதெல்லாம் ஒப்புக்கொள்ளப்பட்டதாகக் கருதி டிகிரி ஆகிவிடும். முன்னிலையான பிறகு, தீர்ப்புக்கான சம்மன் என்று இரண்டாவது ஒன்றை வாதி அனுப்புவார். அது கிடைத்த 10 நாட்களுக்குள் பிரமாணப் பத்திரத்துடன் அனுமதி மனு போட வேண்டும். முதல் சம்மனுக்கு ஆஜரானதோடு வேலை முடிந்தது என்று பலர் இருந்துவிடுவது இந்த இடத்தில்தான். தாமதத்துக்குத் தக்க காரணம் இருந்தால் நீதிமன்றம் மன்னிக்கலாம். அதை நம்பி இருக்கக் கூடாது.

மனுவில் வழக்கை முழுதாக நிரூபிக்க வேண்டியதில்லை. விசாரித்துப் பார்க்க வேண்டிய விஷயம் இருக்கிறது என்று காட்டினால் போதும். எதிர்வாதம் வலுவாக இருந்தால் நிபந்தனையின்றி அனுமதி கிடைக்கும். அதன் உண்மையில் சந்தேகம் எழுந்தால் பணம் கட்டவோ பிணை தரவோ சொல்லி அனுமதிக்கலாம். வெறும் சாக்குப்போக்கு என்றால் மறுப்புதான். 2016இல் ஹப்டவுன் வழக்கில் உச்ச நீதிமன்றம் இந்தப் படிநிலைகளைத் தெளிவாக வகுத்தது. அனுமதி தருவதே பொது வழக்கம், மறுப்பது விதிவிலக்கு என்று 2022இல் மீண்டும் சொன்னது. தொகையில் ஒரு பகுதியை ஒப்புக்கொண்டால் அந்தப் பகுதியைக் கோர்ட்டில் கட்டியாக வேண்டும்.

'வெற்றுத் தாளில் கையெழுத்து வாங்கினார்கள்' என்று மட்டும் சொல்வது பலவீனமான வாதம். முத்திரை ஒட்டிய தாளில் கையெழுத்திட்டுக் கொடுத்தால், அதை நிரப்பிக்கொள்ளும் அதிகாரத்தையும் சேர்த்தே கொடுத்ததாகச் சட்டம் எடுத்துக்கொள்கிறது. எப்போது, யாரிடம், எதற்காகக் கொடுத்தீர்கள், எவ்வளவு திருப்பிக் கட்டினீர்கள் என்ற விவரம் வேண்டும். வங்கிக் கணக்கு அறிக்கை, ரசீது, வாட்ஸ்அப் செய்தி எல்லாம் உதவும். கடனை எழுதிக்கொள்ளுங்கள் என்பது நமக்கு இடப்பட்ட கட்டளை. வாங்கும்போது எழுதுகிறோம், திருப்பிக் கொடுத்ததை எழுதி வாங்குவதில்தான் கோட்டை விடுகிறோம்.

புரோநோட்டின் பின்பக்கத்தையும் பாருங்கள். பொதுவாக மூன்றாண்டு கடந்தால் வழக்கு காலாவதி. ஆனால் காலாவதியாகும் முன் பணம் கொடுத்து, பின்பக்கம் நீங்களே கையெழுத்துப் போட்டு வரவு வைத்திருந்தால் அந்தத் தேதியிலிருந்து புதிதாக மூன்றாண்டு ஓடும். அந்தக் கையெழுத்து உங்களுடையது இல்லை என்றால் மனுவிலேயே சொல்லிவிட வேண்டும்.

டிகிரி ஆன பின்பும் சிறப்புச் சூழ்நிலை இருந்தால் அதை ரத்து செய்யக் கேட்கலாம். சம்மனே வந்துசேரவில்லை என்பது போன்ற காரணம் வேண்டும். வாங்கி அலமாரியில் வைத்தவருக்கு அந்தக் காரணமும் கிடைக்காது.