சித்தம்பூண்டிச் சிவப்புக்கல்

மழை பெய்து ஓய்ந்த மறுநாள் பரமத்தி வேலூருக்கு வடக்கே உறவினர் ஒருவரின் காட்டில் பொறுக்கிய சிவப்புக்கல்லை, கள்ள நோட்டைக் கண்டுபிடிக்கக் கடைகளில் வைத்திருக்கும் ஊதா விளக்கின் கீழ்க் காட்டியபோது அது தானாகவே கனன்று ஒளிவிட்டதென்றும், அதைக் கண்ட கல் தரகர் ‘இது உயிருள்ள மாணிக்கம், சூரிய பகவானின் அம்சம், வீட்டில் இருந்தால் யோகம்’ என்று சொன்னாரென்றும், இதில் எவ்வளவு உண்மை என்றும் மோகனூர் வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார். கல் ஒளிவிட்டது உண்மை. யோகத்துக்கு எவரும் இதுவரை அத்தாட்சி காட்டியதில்லை.

பரமத்தி வேலூருக்கும் திருச்செங்கோட்டுக்கும் இடைப்பட்ட சித்தம்பூண்டிப் பிரதேசத்தில், ஏறக்குறைய 250 கோடி ஆண்டுகள் வயதுள்ள அனார்த்தோசைட் என்னும் வெளிறிய பாறை பரவிக் கிடக்கிறது. அந்த வெண்பாறையின் உடம்பில்தான் குருந்தம் என்னும் கனிமம் விளைகிறது. உடைத்த துண்டு ஒன்றைக் கையில் வைத்துப் பார்த்தால், பால் வெள்ளையான தளத்தில் ஆறுபட்டை கொண்ட தட்டையான மணிகள் புதைந்திருப்பதும், அவற்றுள் சில சாம்பல் நிறமாகவும் சில ரோஜா நிறமாகவும் சில நல்ல சிவப்பாகவும் இருப்பதும் தெரியும். பெரும்பாலானவை கீறல் விழுந்து ஒளி புகாதவை. சாணை பிடிக்க உதவுமேயன்றி மோதிரத்துக்கு ஆகாதவை. அலுமினியமும் பிராணவாயுவும் மட்டும் சேர்ந்த சுத்தமான குருந்தத்துக்கு நிறமே கிடையாது. அதே பாறைத் தொகுதியில் குரோமியம் அடங்கிய குரோமைட் அடுக்குகளும் இருக்கின்றன. அலுமினிய அணு உட்கார வேண்டிய ஆசனத்தில், நூற்றுக்கு ஒன்று என்ற அளவுக்கும் குறைவாகக் குரோமிய அணு வந்து உட்கார்ந்துவிட்டாலே போதும், குருந்தம் மாணிக்கமாகிறது.

அந்த ஆசனத்தில் என்ன நடக்கிறது என்பதுதான் விசேஷம். காலை வேளையில் மோகனூரிலிருந்து நாமக்கல் செல்லும் பஸ்ஸை மனத்தில் கொள்ளுங்கள். ஒல்லியான ஆளுக்கென்று அமைந்த இடத்தில் சற்றுப் பருமனான ஒருவர் உட்கார்ந்திருக்கிறார். குரோமியம் அலுமினியத்தைவிட ஏறக்குறைய ஏழில் ஒரு பங்கு பருமன் கூடியது. இடமும் வலமும் இருவர், முன்னும் பின்னும் இருவர், மேலே கம்பியைப் பிடித்துச் சாய்ந்தபடி ஒருவர், காலடியில் கூடையோடு குந்தியிருப்பவர் ஒருவர் என ஆறு பேர் அவரை நெருக்குகிறார்கள். இவர்களே ஆறு பிராணவாயு அணுக்கள். நம்மவரிடம் மூன்று மூட்டைகள் உண்டு. அவை குரோமியத்தின் மூன்று எலெக்ட்ரான்கள். ஆறு பேர் மேலும் படாமல், ஆளுக்கு ஆள் உள்ள சந்துகளில் அவற்றைச் செருகி வைத்திருக்கிறார். ஒரு மூட்டையைச் சந்திலிருந்து எடுத்து அடுத்தவர் முகத்துக்கு நேரே தூக்க வேண்டுமானால் அவருக்குப் பலம் வேண்டும். நெருக்கம் எவ்வளவு அதிகமோ அவ்வளவு பலம் வேண்டும். அந்தப் பலத்தை அவர் வந்து விழும் ஒளியிலிருந்து கிரகித்துக்கொள்கிறார். குருந்தத்தின் கடுமையான நெருக்கத்தில் அதற்குத் தேவைப்படுவது பச்சை ஒளியின் சக்தி. இன்னொரு விதமாகத் தூக்குவதற்கு ஊதா ஒளியின் சக்தி. இரண்டையும் கல் விழுங்கிவிட, மிஞ்சி வெளிவரும் சிவப்பும் சிறிது நீலமுமே மாணிக்கத்தின் வர்ணம்.

அதே பயணி, அதே மூட்டைகள், ஆனால் நெருக்கம் சற்றே தளர்ந்த பஸ் ஒன்று இருந்தால் என்ன ஆகும்? அதுவும் நமக்குச் சமீபத்திலேயே இருக்கிறது. சங்ககிரி, இடைப்பாடி வட்டாரத்தில் 1990-களில் மரகதம் கண்டெடுக்கப்பட்டது. மரகதத்தைப் பெரும்பாலும் பச்சையாக்குவதும் இதே குரோமியந்தான். அங்கும் அது அலுமினியத்தின் ஆசனத்தில்தான், ஆறு பிராணவாயுக்களின் நடுவில்தான் இருக்கிறது. ஆனால் பெரில் என்னும் அந்தக் கனிமத்தில் அவர்களுடைய பிடி பத்தில் ஒரு பங்கு தளர்வு. மூட்டையைத் தூக்கக் குறைந்த சக்தியுள்ள ஆரஞ்சு ஒளியே போதுமாகிவிடுவதால், பச்சை விழுங்கப்படாமல் நம் கண்ணுக்கு வந்து சேருகிறது. மாணிக்கத்தைச் சூரியனுக்கும் மரகதத்தைப் புதனுக்கும் உரியவையாகப் பிரித்துத் தனித்தனிப் பலன் சொல்பவர்கள், இரண்டின் நிறமும் ஒரே உலோகத்தின் செய்கை என்பதை அறிந்தால் அவசியம் வியப்பார்கள்.

இனி வாசகர் கண்ட ஒளிக்கு வருவோம். தூக்கிய மூட்டை நேராகப் பழைய நிலைக்குத் திரும்புவதில்லை. சந்துக்குள் இறங்கிவிடுகிறது, ஆனால் தலைகீழாகப் புரண்டு கிடக்கிறது. அந்தப் புரட்டைச் சரிசெய்வது அணு உலகில் எளிதில் அனுமதிக்கப்படாத காரியமாதலால், ஒரு விநாடியில் ஆயிரத்தில் சில பங்கு நேரம், அணுவின் கணக்கில் ஒரு யுகம், அப்படியே கிடந்து, பின்பு சரேலெனத் திரும்பும்போது 694 நானோமீட்டர் அலைநீளமுள்ள செவ்வொளியை உமிழ்கிறது. இந்தப் புரட்டுக்கு அக்கம்பக்கத்தாரின் நெருக்கம் அவ்வளவாகச் சம்பந்தமில்லை. ஆகையால் இரும்புக் கலப்பு குறைந்த நல்ல மரகதத்தை அதே ஊதா விளக்கில் காட்டினால், பகலில் பச்சையாயிருக்கும் அந்தக் கல்லும் சிவப்பாகவே கனல்வதைக் காணலாம். கல்லைப் பற்றிச் சொல்லப்படும் எந்த மாந்திரீகக் கதையும் இந்த ஒரு காட்சிக்கு ஈடாகாதென்பது என் துணிபு. மூட்டை புரண்டு கிடக்கும் இந்தத் தாமதத்தைப் பயன்படுத்தித்தான் 1960-இல் அமெரிக்காவில் தியோடர் மைமன், செயற்கை மாணிக்கத்தைக் கொண்டு உலகின் முதல் லேசர் ஒளியை எழுப்பினார்.

சரித்திரத்தைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். 1798-இல் சார்ல்ஸ் கிரெவில் இலண்டன் ராயல் சொசைட்டிக்கு ஆசியக் குருந்தத்தைப் பற்றி எழுதினார், 1802-இல் பூர்ணோன் பிரபு அதன் தாய்ப்பாறையை வருணித்தார், 1956-இல் ஏ. பி. சுப்பிரமணியம் சித்தம்பூண்டிப் பாறைத் தொகுதியை விஸ்தாரமாக ஆராய்ந்து வெளியிட்டார். அண்மையில் பத்திரிகைகள் கொண்டாடியது வேறொன்று: சந்திரனின் மேட்டுநிலப் பாறையும் அனார்த்தோசைட்டே ஆதலால், சித்தம்பூண்டி, குன்னமலைப் பாறைகளைப் பொடித்துச் சந்திரயான்-2 ஊர்திகளைச் சோதிக்க இஸ்ரோ செயற்கை நிலவு மண் தயாரித்தது. ‘நிலவு மண் நாமக்கல்லில் கிடைக்கிறது’ என்று தலைப்பிட்டவர்கள் மிகைப்படுத்தினார்கள். ஒத்த இனப் பாறை கிடைக்கிறது. அதுவே போதுமான பெருமை.

கடைசியாக ஓர் எச்சரிக்கை. ஊதா விளக்கில் ஒளிர்வதை மட்டும் கண்டு கல்லுக்கு விலை கொடுக்கலாகாது. வெர்னுய் என்ற பிரெஞ்சுக்காரர் 1902-இல் வெளியிட்ட முறைப்படி, அலுமினாப் பொடியைச் சுவாலையில் உருக்கி வார்க்கும் செயற்கை மாணிக்கத்தில் ஒளியை அவிக்கும் இரும்பு அநேகமாக இல்லை; அதனால் பூமியில் விளைந்த கல்லைவிட அது பிரகாசமாகவே கனலும். மங்கலாக ஒளிரும் கல் இயற்கையானதாகவும், ஜொலிப்பது ஆலையில் பிறந்ததாகவும் இருக்கக்கூடும். பட்டை தீட்டிய கல்லானால், பத்து மடங்கு பெருக்கும் லென்ஸில் உள்ளே பாருங்கள்: வளர்ச்சி ரேகைகள் நேர்கோடாகக் கோணம் ஒடித்துச் சென்றால் அது பூமியின் ஸ்படிகமாக இருக்கலாம், வில்லாக வளைந்து சென்றால் சுவாலையில் சொட்டுச் சொட்டாக வளர்ந்தது.