லண்டனைக் கலக்கிய ஸ்கூட்டர் வாலிபர்கள்

நமக்கு ஸ்கூட்டர் என்றால் குடும்ப வாகனம். முன்னால் பையன் நிற்பான். பின்னால் மனைவி, மடியில் கைக்குழந்தை. அதே ஸ்கூட்டரில் ஏறித்தான் 1960-களில் லண்டன் வாலிபர்கள் நகரத்தைக் கலக்கினார்கள்.

இவர்களுக்கு "மாட்" என்று பெயர். "மாடர்னிஸ்ட்" என்பதன் சுருக்கம். பணக்கார வீட்டுப் பிள்ளைகள் அல்ல. பலர் ஆபீஸ் குமாஸ்தாக்கள், கடைச் சிப்பந்திகள். வாரச் சம்பளத்தில் பெரும்பகுதி உடைக்கும் ஸ்கூட்டர் தவணைக்கும் போய்விடும்.

ஏன் ஸ்கூட்டர்?

இத்தாலியில் வெஸ்பா 1946-லும், லாம்பிரெட்டா 1947-லும் வெளிவந்தன. எஞ்சினை மூடி தகடு இருப்பதால் சூட்டில் எண்ணெய்க்கறை படாது. நள்ளிரவு நடனம் முடிந்ததும் பஸ், ரெயிலை எதிர்பாராமல் வீடு திரும்பலாம். வண்டியின் முன்புறம் வரிசையாகக் கண்ணாடிகளும் விளக்குகளும் மாட்டினார்கள். சூட்டின் மேல் ராணுவக் கோட்டு போட்டுக்கொண்டார்கள்.

கடற்கரையில் அடிதடி

தோல் சட்டை போட்டு மோட்டார் சைக்கிளில் திரிந்த "ராக்கர்" கோஷ்டிக்கும் இவர்களுக்கும் ஆகாது. 1964 மே மாத விடுமுறையில் பிரைட்டன் கடற்கரையில் இரு கோஷ்டியும் மோதின. நாடே அழிந்துவிட்டதுபோல் பத்திரிகைகள் எழுதின. அந்தச் செய்திகள் மிகைப்படுத்தப்பட்டவை என்று ஸ்டான்லி கோஹன் என்ற சமூகவியல் அறிஞர் 1972-ல் ஒரு நூலில் எடுத்துக் காட்டினார்.

லக்னோ தொடர்பு

லாம்பிரெட்டாவை மும்பையில் 1950-களிலேயே தயாரிக்கத் தொடங்கிவிட்டார்கள். 1972-ல் இத்தாலித் தொழிற்சாலையின் இயந்திரங்களை நமது அரசு வாங்கியது. லக்னோவில் அரசு நிறுவனம் உருவானது. 1979-ல் "குவாட்ரோபீனியா" படம் வந்ததும் பிரிட்டனில் ஸ்கூட்டர் மோகம் மறுபடி கிளம்பியது. அப்போது லக்னோ வண்டிகள் அங்கே ஏற்றுமதியாயின.

இங்கேயோ பஜாஜ் ஸ்கூட்டருக்குப் பணம் கட்டிப் பல ஆண்டுகள் காத்திருக்க வேண்டியிருந்தது. வாலிபனாகப் பதிவு செய்தவர் குடும்பஸ்தராகி வண்டி எடுத்தார். அங்கே இளமையின் அடையாளம். இங்கே பொறுமையின் பரிசு.

ஆனாலும் ஓர் ஒற்றுமை உண்டு. பகலெல்லாம் மேலதிகாரி சொன்னபடி நடந்த குமாஸ்தா, மாலையில் தன் இஷ்டப்படி ஒரு பக்கம் திரும்பிப் போக முடிந்தது. அந்தச் சந்தோஷம் லண்டனிலும் ஒன்றுதான், மும்பையிலும் ஒன்றுதான்.