போர் முடிந்தது... தூக்கம் வரவில்லையே!

தீபாவளி முடிந்த வாரம். கணவர் ரத்த அழுத்தம் பார்க்கப் பக்கத்து அறைக்குப் போனதும், அந்தப் பெண்மணி குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

"நேத்து ராத்திரி தூக்கத்துல என் கழுத்தைப் பிடிச்சிட்டார் டாக்டர். முழிச்சதும் ஓன்னு அழறார். பட்டாசு வெடிச்சா கட்டிலுக்கு அடியில பதுங்கறார். இவருக்குப் பைத்தியமா?"

கணவர் முன்னாள் ராணுவ வீரர். 1999 கார்கில் போரில் குண்டு மழைக்கு நடுவே இருந்தவர். பணியில் இருந்தவரை எப்படியோ சமாளித்துவிட்டார். ஓய்வு பெற்று ஊருக்கு வந்த பிறகுதான் தொல்லை தலைதூக்கியது.

இது பைத்தியம் இல்லை. முதல் உலகப் போர் சமயத்தில், 1915-லேயே மருத்துவர்கள் இதை 'ஷெல் ஷாக்' என்று எழுதினார்கள். 1980-ல் அமெரிக்க மனநல மருத்துவர்கள் 'பி.டி.எஸ்.டி.' என்று பெயர் வைத்தார்கள்.

போர்முனையில் சின்னச் சத்தத்துக்கும் அட்ரினலின் சுரந்து, இதயம் படபடத்து, உடம்பு தயாராகிவிடும். அந்த விழிப்புதான் அவர் உயிரைக் காத்தது. போர் நின்றும் உடம்பு காவலை விடவில்லை. அதுதான் கோபமாக, எரிச்சலாக, கெட்ட கனவாக வருகிறது. மறக்கக் குடித்தால் தூக்கம் இன்னும் கெடும்.

வீட்டில் உள்ளவர்கள் கவனிக்க:

* கனவில் அலறினால் தொட்டு எழுப்பாதீர்கள். விளக்கைப் போட்டு, தள்ளி நின்று பெயர் சொல்லிக் கூப்பிடுங்கள். கொஞ்ச நாள் தனிப் படுக்கை நல்லது.

* "எத்தனை பேரைச் சுட்டீங்க?" என்று விளையாட்டுக்குக்கூடக் கேட்க வேண்டாம். அவராகப் பேசினால் குறுக்கிடாமல் கேளுங்கள்.

* பட்டாசு, மேளச் சத்தம் வரப்போகிறதென்றால் முன்கூட்டியே சொல்லிவிடுங்கள்.

* காலை நடை, தோட்ட வேலை என்று நேரப்படி ஏதாவது வேலை இருக்கட்டும்.

சித்த மருத்துவத்தில் தூக்கத்துக்கு அமுக்கரா சூரணம் உண்டு. தைராய்டு, கல்லீரல் கோளாறு உள்ளவர்களும், தூக்க மாத்திரை சாப்பிடுபவர்களும் மருத்துவரைக் கேட்காமல் தொடக்கூடாது. சூரணம் துணைதான். மனக்காயம் ஆற முறையான மனநல சிகிச்சை வேண்டும்; அவரையும் அங்கேதான் அனுப்பினேன். முன்னாள் படைவீரர்களுக்கு 2003-ல் தொடங்கிய இ.சி.எச்.எஸ். மருத்துவத் திட்டம் இருக்கிறது. 14416 என்ற 'டெலி மானஸ்' எண்ணில் எந்நேரமும் இலவசமாகப் பேசலாம். உயிரை விடும் பேச்சு வந்தால் ஒரு நாள்கூடத் தாமதிக்காதீர்கள்.

அடுத்த தீபாவளிக்கு அவரே இனிப்போடு வந்தார். "பையனோட மத்தாப்பு கொளுத்தினேன் டாக்டர். வெடி மட்டும் வேண்டாம்னுட்டேன்" என்றார் சிரித்தபடி.